வேற ஒண்ணுமில்ல சாமி

கடலூர் முதுநகர்
9-6-2024

இயேசு மரி சூசை துணை

அன்புத் தம்பி ஜெகனுக்கு,

அக்கா சவரிமேரி எழுதிக்கொள்வது. மூட்டுவலியைத் தவிர இங்கே எனக்கு ஒரு குறையும் இல்லை. நீயும் உன் வீட்டம்மாவும் அனிதாவும் சிதம்பரத்தில் சுகம்தானே?

இந்தக் காலத்தில் எவள் கடிதம் எழுதுவாள் என்று சிரிப்பாய். சிரித்து முடித்துவிட்டு மேலே படி. நீ போனைப் பட்டறையில் ஸ்பீக்கரில் போட்டுக்கொண்டு, மரம் அறுக்கிற சத்தத்துக்கு மேல் கத்துகிறவன். நான் சொல்லப்போவதை உன் வேலையாட்கள் கேட்கக் கூடாது. இன்னொரு காரணமும் இருக்கிறது. என் வீட்டுக்குள் வாய் திறந்து பேசவே எனக்கு இப்போது பயமாக இருக்கிறது.

நம் கோயில் மராமத்தில் பழைய பாவசங்கீர்த்தனக் கூண்டை நீதானே பிரித்தாய்? முழங்காலில் நிற்கிறவனுக்கும் சாமியாருக்கும் நடுவில் ஒரு துளைப் பலகை இருக்குமே, அதைக் கொண்டுவந்து என் சமையலறை ஜன்னலில் கம்பிவலைக்குப் பதிலாக அடித்துக் கொடுத்தாயே, அது பேசுகிறது ஜெகன்.

போன சனிக்கிழமை அதில் படிந்திருந்த எண்ணெய்ப் பிசுக்கை ஈரத்துணியால் துடைத்தேன். "சாமி, நான் பாவசங்கீர்த்தனம் செஞ்சி மூணு மாசம் ஆவுது" என்று காதோரம் ஒரு பெண் குரல். துணியைக் கீழே போட்டுவிட்டேன். வெளியே போய்ப் பார்த்தால் ஒருத்தரும் இல்லை. திரும்பவும் துடைத்தேன். இந்தத் தடவை ஒரு ஆண் குரல். அப்புறம் சாமியார் இருமினார். நல்ல வேளை, யார் குரலும் பிடிபடவில்லை.

எனக்குப் புத்தி பிசகவில்லை. போன வருடம் வரைக்கும் சத்துணவுக்கூடத்தில் அத்தனை பிள்ளைகளுக்கு உப்பு சரியாகப் போட்டுச் சமைத்தவள் நான். இதை என்ன செய்யலாம் என்று நீ சொல். போன் பண்ணாதே. சார்ஜர் அந்த ஜன்னல் பக்கத்தில்தான் இருக்கிறது.

உடம்பைப் பார்த்துக்கொள்.

உன் அக்கா
சவரிமேரி


சிதம்பரம்
17-6-2024

அன்புள்ள அக்காவுக்கு,

ஆண்டவர் கிருபையால் நாங்கள் எல்லோரும் நலம். உன் மூட்டுவலிக்கு ஒரு தைலம் வாங்கி வைத்திருக்கிறேன், வரும்போது கொண்டுவருகிறேன்.

கடிதம் வந்ததும் பயந்துபோனேன். படித்து முடித்ததும் சிரிப்புத்தான் வந்தது. அது நூறு வருடத்துத் தேக்கு அக்கா. ஈரம் பட்டால் முனகும், வெயில் பட்டால் வெடிக்கும். என் பட்டறையில் தினமும் கேட்கிற சத்தம். பிரஷர் மாத்திரையை ஒழுங்காகப் போடுகிறாயா?

ஒரு தப்பு என் பேரில் இருக்கிறது. கோயிலில் மந்திரித்த சாமானை எரிக்க வேண்டும், இல்லையென்றால் புதைக்க வேண்டும் என்பதுதானே நம் வழக்கம்? சாமியாரும் "எரிச்சிடுப்பா" என்றுதான் சொன்னார். அந்த மாதிரித் தேக்கை அடுப்பில் வைக்க எனக்கு மனசு வரவில்லை. நம் அக்கா வீட்டு ஜன்னலுக்கு ஆகுமே என்று எடுத்து வந்தேன். இதை வெளியே சொல்லிவிடாதே. அக்டோபர் கடைசியில் கோயில் நூற்றாண்டு விழா. மாதாவுக்குப் புதுக் கிரீடம் என் காணிக்கை. வெள்ளியில் செய்து பொன்முலாம் பூசச் சொல்லியிருக்கிறேன். ஊரில் எல்லோருக்கும் சந்தோஷம். இந்த நேரத்தில் பலகை, பேய் என்று பேச்சு வரக் கூடாது.

அனிதாவுக்குப் புதுச்சேரியில் ஒரு வரன் வந்திருக்கிறது. வேண்டிக்கொள்.

உன் தம்பி
ஆரோக்கிய ஜெகன்


கடலூர் முதுநகர்
2-7-2024

இயேசு மரி சூசை துணை

அன்புத் தம்பிக்கு,

அக்காவின் ஆசீர்வாதம். அனிதாவின் வரன் குதிரட்டும், நான் தினமும் செபமாலை சொல்கிறேன்.

தேக்கு முனகுகிறதாம்! தேக்கு முனகினால் "நேத்து மீன இன்னிக்கு மீனுன்னு வித்தேன் சாமி" என்றா முனகும்? நம் ஆரோக்கியம்மாள் குரல்! அவள் சொல்லிக்கொண்டே போகிறாள், சாமியார் குறட்டை விடுகிறார். "சாமி, சாமி, கேக்கறீங்களா" என்று பலகையைத் தட்டி எழுப்புகிறாள். நான் அடுப்படியில் உட்கார்ந்து சிரித்த சிரிப்பில் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. அப்புறம் வெட்கமாகிவிட்டது. அடுத்தவர் பாவத்தைக் கேட்பது எவ்வளவு பெரிய பாவம் என்று எனக்கும் தெரியும்.

இருந்தும் நான் துடைப்பதை நிறுத்தவில்லை. ஏன் என்று சொல்கிறேன்.

ஒரு தடவை துடைத்தால் ஒருத்தர் பேச்சு வருகிறது. வந்தது போய்விடுகிறது, திரும்ப வராது. அடுத்துத் துடைத்தால் அதற்கு முந்தியவர். வெங்காயம் உரிக்கிற மாதிரி பின்னால் பின்னால் போகிறது. கொரோனா காலத்துப் பேச்சைத் தாண்டிவிட்டேன். தானே புயலில் ஓடு பறந்ததை ஒருத்தர் நேற்று அழுதுகொண்டே சொன்னார். இப்படியே போனால் ஒருநாள் உன் மாமாவிடம் போய்ச் சேருவேன் இல்லையா?

உனக்குத் தெரியாததா? மாதா கிரீடம் காணாமல் போனபோது கோயில் சாவி அவரிடம்தான் இருந்தது. கோயில்பிள்ளை லூர்துசாமிதான் திருடன் என்று ஊர் முடிவு கட்டியது. நீயும் என்னிடம் வந்து, "அக்கா, மாமா எடுத்திருந்தா திருப்பி வெச்சிடச் சொல்லு" என்று அழுதாய். நீயே சொன்ன பிறகு எனக்குச் சந்தேகம் இல்லாமல் போனது. எடுத்ததைக் கொடுக்காமல் வாசல்படி ஏறாதே என்று கட்டின புருஷனிடமே சொல்லிவிட்டேன். கடைசியில் தேவனாம்பட்டினத்துப் பக்கிரி அண்ணன்தான் படகில் போய் அவர் உடம்பை ஆற்று முகத்துவாரத்திலிருந்து கரைக்குக் கொண்டுவந்தார். தானே செத்தவன் என்று சொல்லி மணி அடிக்கவில்லை. ஊரில் ஒவ்வொரு சாவுக்கும் கயிற்றைப் பிடித்துத் துக்க மணி அடித்தவர், மணி இல்லாமல் போனார். கல்லறைத் தோட்டத்துச் சுவருக்கு வெளியே கிடக்கிறார்.

சாவதற்கு முந்திய நாள், சனிக்கிழமை, அவர் அந்தக் கூண்டில் முழங்காலில் நின்றதை நான் தூரத்திலிருந்து பார்த்தேன். அங்கே என்ன சொன்னார்? எடுத்தாரா, இல்லையா? எனக்கு அது ஒன்று தெரிந்தால் போதும். வேறு யார் பாவமும் எனக்கு வேண்டாம்.

உன் அக்கா
சவரிமேரி


சிதம்பரம்
5-7-2024

அக்காவுக்கு,

நலம். உன் கடிதம் இன்று காலைதான் வந்தது, உடனே எழுதுகிறேன்.

தயவுசெய்து அந்தப் பலகையைத் தொடாதே. பாவசங்கீர்த்தனத்தில் சொன்னது ஆண்டவருக்கும் சொன்னவருக்கும் மட்டும் சொந்தம். அதை ஒட்டுக்கேட்டால் கோயில் வாசலை மிதிக்கிற தகுதியே போய்விடும். நீ படிக்காதவள் இல்லை.

மாமா போய்ச் சேர்ந்து முப்பது வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது. எடுத்தாரோ, எடுக்கவில்லையோ, அவர் ஆத்துமாவை நிம்மதியாக விடு. எடுத்தேன் என்று அவர் வாயாலேயே கேட்டால் நீ தாங்குவாயா? உன் நல்லதுக்குத்தான் சொல்கிறேன்.

திங்கட்கிழமை பட்டறையிலிருந்து பாலகுமாரை அனுப்புகிறேன். நல்ல ஸ்டீல் வலை அடித்துக் கொடுத்துவிட்டுப் பலகையைக் கழற்றி எடுத்து வருவான். அவனிடம் கொடுத்துவிடு. நானே முறைப்படி எரித்துவிடுகிறேன்.

தம்பி
ஜெகன்


கடலூர் முதுநகர்
20-7-2024

இயேசு மரி சூசை துணை

அன்புத் தம்பிக்கு,

நீ அனுப்பிய பாலகுமார் சுகமாக ஊர் வந்து சேர்ந்தானா? பாவம், நல்ல பிள்ளை. சங்கரா மீன் வறுத்துச் சோறு போட்டு, வலையையும் அவன் கையிலேயே கொடுத்துத் திருப்பி அனுப்பினேன். கோபப்படாதே. உன் அக்கா பிடிவாதக்காரி என்பது உனக்குப் புதிதா?

கோபத்தை மறக்க ஒரு வேடிக்கை சொல்கிறேன். உன்னைக் கேட்டேன்!

நீயேதான். வாயைத் திறக்கும் முன்னால் தொண்டையைச் செருமுவாயே, சின்ன வயதிலிருந்து இருக்கிற பழக்கம், அதை வைத்தே கண்டுபிடித்துவிட்டேன். சின்னப் பையன் குரல் இன்னும் முழுசாகப் போகாத வயது. உன் மாமா செத்த அடுத்த சனிக்கிழமையாக இருக்க வேண்டும், ஏனென்றால் பின்னால் அவரைப் பற்றி யாரோ குசுகுசுவென்று பேசுகிறார்கள். நீ என்ன சொன்னாய் தெரியுமா?

"ரெண்டு ஞாயித்துக்கெழம பூச காணல சாமி. ஒரு பொய் சொன்னேன் சாமி."

அவ்வளவுதான் உன் பாவம்! எனக்குப் பெருமையாக இருந்தது. மரியஜோசப் சாமியார்தான் உன்னை விடவில்லை. "வேற?" என்றார். "வேற ஒண்ணுமில்ல சாமி" என்றாய். கொஞ்ச நேரம் கழித்து, "நல்லா யோசிச்சிப் பாரு ஜெகன். வேற ஒண்ணுமில்லியா?" என்றார். "இல்ல சாமி." மறுபடியும், "உனக்காகத்தான் கேக்கறேன்பா. வேற எதுனா இருக்குதா?" என்று கெஞ்சுகிற மாதிரி கேட்டார். நீ, "வேற ஒண்ணுமில்ல சாமி" என்று சொல்லிவிட்டு எழுந்துவிட்டாய். அந்த மனுஷர் அப்படி ஒரு பெருமூச்சு விட்டார். பூசை காணாததற்கா இந்தப் பாடு படுத்தினார் என்று எனக்கே கோபம் வந்தது. செத்துப்போனவரைத் திட்டக் கூடாது, விட்டுவிட்டேன்.

உன்னைக் கேட்டுவிட்டேன் என்றால் இனி அவர் தூரமில்லை.

தைலம் என்ன ஆயிற்று?

உன் அக்கா
சவரிமேரி


கடலூர் முதுநகர்
18-8-2024

தம்பி ஜெகனுக்கு,

ஒரு மாதமாக உன்னிடமிருந்து பதில் இல்லை. உடம்புக்கு ஒன்றுமில்லையே? பதினைந்தாம் தேதி மாதா பண்டிகைக்கு வருவாய் என்று இறால் வாங்கி வைத்திருந்தேன். பூசையில் உன் பேரை வாசித்தார்கள், கிரீடம் தருகிறவர் என்று. ஆளைத்தான் காணோம்.

உன்னைக் கேலி செய்ததில் கோபமா? இரண்டு வயதில் அம்மாவைத் தூக்கிக் கொடுத்துவிட்டு நீ என் இடுப்பை விட்டு இறங்காமல் கிடந்தாய். உன்னைக் கேலி செய்ய எனக்கு உரிமை இல்லையா?

நான் இப்போது பலகையைத் தொடவில்லை. துணியை நனைத்துக்கொண்டு ஜன்னலிடம் போகிறேன், கை வரமாட்டேன் என்கிறது. அடுத்தது அவராக இருந்தால்? ஒரே ஒரு தடவைதானே கேட்க முடியும்? அவர் குரல் எப்படி இருக்கும் என்பதே எனக்கு மறந்துபோய்விட்டது ஜெகன்.

பதில் போடு.

அக்கா
சவரிமேரி


சிதம்பரம்
30-8-2024

அன்புள்ள அக்காவுக்கு,

உன் நலத்துக்கு ஆண்டவரை வேண்டுகிறேன். வேலை ஜாஸ்தி. கிள்ளைப் பக்கம் ஒரு ரிசார்ட்டுக்கு முழு மரவேலையும் நம்முடையது. அதனால்தான் எழுத முடியவில்லை. உன் மேல் கோபம் ஏதும் இல்லை.

அனிதாவின் வரன் முடிந்துவிட்டது. செப்டம்பர் கடைசியில் ஒப்பந்தம், ஜனவரியில் கல்யாணம். மாப்பிள்ளை வீட்டார் நல்ல பக்திமான்கள், கௌரவம் பார்க்கிறவர்கள். நீதான் முன்னால் நின்று நடத்த வேண்டும்.

எனக்கு ஒரு யோசனை. மாமா கல்லறைக்கு நல்ல கருப்பு கிரானைட் போட்டுக் கொடுக்கிறேன். பேர் பொறித்து, சிலுவை வைத்து, சுற்றிலும் கம்பி வேலி. செலவு முழுக்க என்னுடையது. கல்லறைத் திருநாளுக்குள் முடித்துவிடலாம். நீ சரி என்று ஒரு வார்த்தை எழுது.

மாமாவைக் கேட்டாயா? கேட்டிருந்தால் என்ன சொன்னார் என்று எனக்கு எழுது. அதற்கு முன்னாலோ பின்னாலோ வேறு ஏதாவது கேட்டதா? மறைக்காமல் எழுது அக்கா. வேறு ஏதாவது?

உன் தம்பி
ஜெகன்


கடலூர் முதுநகர்
16-9-2024

ஜெகனுக்கு,

நான் நலம். நீ நலமாக இருப்பாய்.

வெள்ளிக்கிழமை துடைத்தேன். வந்தது அவர்தான். முழங்காலில் நிற்கும்போது இடுப்புச் சாவிக்கொத்து கூண்டில் இடிக்கும், அந்தச் சத்தம் வரவில்லை. சாவியை அதற்கு முன்பே பிடுங்கிக்கொண்டுவிட்டார்களே. கேட்டதை ஒரு வார்த்தை விடாமல் எழுதுகிறேன். இதைத் திரும்பக் கேட்க இனி யாராலும் முடியாது, என்னாலும் முடியாது.

"சாமி, நான் லூர்து. தெரிஞ்சிகிட்டே சொல்லாம இருக்கறது பாவமா சாமி?"

"என்னாப்பா தெரியும் உனக்கு?"

"மாதா கிரீடம் எம் மச்சான் ஜெகன் உளிப் பையில இருந்திச்சி. எங் கண்ணால பாத்தேன்."

"அப்ப வெளிய வந்து சொல்லுப்பா. உன்னையில்ல திருடன்றாங்க?"

"சொன்னா போலீசு கூட்டிட்டுப் போயிடும் சாமி. மேரிக்குக் கூடப் பொறந்தது அவன் ஒருத்தன்தான். எங்களுக்கும் புள்ள கெடையாது. அவன்தான் அவளுக்குப் புள்ள. நான் கேட்டதும் அழுவுறான். நாளைக்கு சாயங்காலம் கெடிலம் ஆத்துக்கிட்ட கொண்டாந்து குடுத்துடறேன்னான். வாங்கியாந்து பீடத்துல வெச்சிடறேன். யாரு வெச்சதுன்னு யாருக்கும் தெரிய வேணாம்."

"உம் பொண்டாட்டிகிட்டயாவது சொல்லுப்பா. நீ சொல்லாத வரைக்கும் நான் வாயத் தொறக்க முடியாது."

"அவ சோறு போட மாட்டேங்கறா சாமி. வாசல்ல நிக்க வெச்சி கதவ சாத்திட்டா. பரவால்ல. நாளைக்கு அப்பறம் அவளே கூப்ட்டுப் போடுவா."

அவ்வளவுதான். அதற்கப்புறம் எழுந்து போகிற காலடிச் சத்தம். அடுப்பில் சோறு கரிந்துபோயிருந்தது.

மரியஜோசப் சாமியார் உன்னை ஏன் மூன்று தடவை கேட்டார் என்பது இப்போது புரிகிறது. அந்த மனுஷருக்குத் தெரியும். தெரிந்ததைச் சொல்ல முடியாமல், நீயாகச் சொல்லிவிட மாட்டாயா என்று உன்னிடம் கெஞ்சியிருக்கிறார். அதைத்தான் நான் வேடிக்கை என்று உனக்கு எழுதியிருக்கிறேன்.

சனிக்கிழமை புதுச் சாமியாரைப் பார்த்தேன். பலகையைப் பற்றிச் சொல்லவில்லை. என் புருஷனுக்கு மணி அடித்து, கல்லறையைச் சுவருக்குள் கொண்டுவர முடியுமா என்று மட்டும் கேட்டேன். நல்ல மனுஷர். "எனக்கு ஆட்சேபணை இல்லம்மா. ஊருதான் அவரத் திருடன்னு வெச்சிருக்கு. கோயில் பேரவையில யாராச்சும் பெரிய மனுஷங்க அவரு எடுக்கலன்னு வந்து சொன்னா, மணி அடிச்சி, பூசையும் வெச்சிடலாம்" என்றார். உன் பேரைச் சொல்லி, அவர் சொன்னாலே போதும் என்றார்.

யார் எடுத்தது என்று நீ சொல்ல வேண்டாம். அவர் எடுக்கவில்லை என்று மட்டும் வந்து சொல். கல்லறைத் திருநாளுக்குள் வந்து சொல். உனக்குச் சோறு ஊட்டியவள் கேட்கிறேன்.

கிரானைட் வேண்டாம்.

இன்னொன்று கேட்கிறேன், அதற்கு மட்டும் பதில் எழுது. அந்த ஞாயிற்றுக்கிழமை நீ ஆற்றுக்குப் போனாயா?

சவரிமேரி


சிதம்பரம்
14-10-2024

மரியாதைக்குரிய அக்காவுக்கு,

நலம். நலமே விழைகிறேன். அனிதாவின் ஒப்பந்தம் நல்லபடியாக முடிந்தது. நீ வராததை மாப்பிள்ளை வீட்டார் கேட்டார்கள். உடம்பு சரியில்லை என்று சொல்லி வைத்தேன்.

உன் கடிதத்தைப் பலமுறை படித்தேன். தனியாக இருக்கிறாய், மனசு என்னென்னவோ கேட்கும். உன்னைத் தப்பு சொல்லவில்லை. நீ கேட்டதாகச் சொல்வது இப்போது எங்கே இருக்கிறது? காற்றில் போய்விட்டது. யாரிடம் சொன்னாலும் உன்னைத்தான் ஒரு மாதிரியாகப் பார்ப்பார்கள். மாமா வெள்ளந்தி. அவர் எதையோ பார்த்து எதுவோ என்று நினைத்திருக்கலாம். அவர் தானாகப் போய் விழுந்தார் என்று ஊரில் சொன்னதை நான் என்றைக்கும் நம்பியதில்லை. அந்தக் கரை அன்றைக்கு அப்படிச் சறுக்கியது, மழை விட்டும் களிமண் காயவில்லை, யார் கால் வைத்திருந்தாலும் போயிருப்பார்கள். அது ஆண்டவர் சித்தம். யாரும் எதுவும் செய்திருக்க முடியாது.

பேரவையில் வந்து பேசச் சொல்கிறாய். முப்பது வருடம் சும்மா இருந்துவிட்டு இப்போது வந்து அவர் எடுக்கவில்லை என்று நான் சொன்னால், உனக்கு எப்படித் தெரியும் என்றுதான் முதலில் கேட்பார்கள். ஜனவரியில் ஒரு பெண்ணின் வாழ்க்கை இருக்கிறது. அவள் உன்னை அத்தை அத்தை என்று உயிரை விடுகிறாள். கல்யாணம் முடியட்டும். அப்புறம் நிதானமாகப் பார்ப்போம்.

விழாவுக்கும் நான் வர முடியுமா என்று தெரியவில்லை, முதுகு வலிக்கிறது. கிரீடத்தைப் பாலகுமாரிடம் கொடுத்தனுப்புகிறேன். மாமா ஆத்துமாவுக்காகப் பூசையில் வேண்டிக்கொள்ளும்படி அவர் பேருக்கும் ஒரு கருத்து எழுதிக் கொடுத்திருக்கிறேன். மெதுவாக வாசிக்கச் சொன்னேன்.

அந்தப் பலகையை எரித்துவிடு.

தம்பி
ஆரோக்கிய ஜெகன்


கடலூர் முதுநகர்
3-11-2024

ஜெகனுக்கு,

கிரீடம் வந்து சேர்ந்தது. மாதாவுக்கு அளவாக இருக்கிறது. கைதட்டினார்கள். நீ வரவில்லை.

நான் உன்னைக் கேட்டது ஒரு கேள்விதான். ஆற்றுக்குப் போனாயா என்று கேட்டேன். கேட்காத எல்லாவற்றுக்கும் பதில் எழுதியிருக்கிறாய். கரை சறுக்கியது, களிமண் காயவில்லை என்று எழுதியிருக்கிறாய். கரையைப் பற்றி நான் ஒரு வார்த்தை கேட்கவில்லையே ஜெகன். அந்த ஞாயிற்றுக்கிழமை பகலெல்லாம் வயிற்றுவலி என்று என் வீட்டில் படுத்துக் கிடந்தாய். கஞ்சி வைத்துக் கொடுத்தேன். சாயங்காலம் கோயிலுக்குப் போகிறேன் என்று போனாய். வேட்டியெல்லாம் சேறாகத் திரும்பி வந்தாய். அதை நான்தான் துவைத்தேன்.

தானே சாகவில்லை, கால் சறுக்கி விழுந்தார் என்பது உனக்கு அன்றைக்கே தெரியும். அந்த ஒன்றைச் சொல்லியிருந்தாலும் அவருக்கு மணி அடித்திருப்பார்கள். சுவருக்கு வெளியே அவரை இறக்கும்போது என் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றது நீதானே? நீ தள்ளினாயா, பார்த்துக்கொண்டு நின்றாயா என்று நான் கேட்கப் போவதில்லை. மூன்று தடவை கேட்ட சாமியாருக்கே நீ சொல்லவில்லை.

நேற்று கல்லறைத் திருநாள். மூன்று மணிக்கு ஊரே கல்லறைத் தோட்டத்தில் இருந்தது, சாமியார் மைக்கோடு ஒவ்வொரு கல்லறையாகத் தீர்த்தம் தெளித்துக்கொண்டு வந்தார். கோயிலில் யாரும் இல்லை. நான் மட்டும் போனேன். மணிக்கயிறு அவர் பிடித்த இடத்தில்தான் தொங்குகிறது. துக்க மணி எப்படி அடிப்பது என்று எனக்குத் தெரியும். கல்யாணமான புதிதில் அவர் விளையாட்டாகச் சொல்லிக் கொடுத்தது. ஒரு அடி, அந்தச் சத்தம் முழுக்க அடங்கும் வரை நிற்க வேண்டும், அப்புறம்தான் அடுத்த அடி. கை வலிக்க வலிக்க அடித்தேன். முப்பத்தோரு வருடமாக அவருக்கு வர வேண்டிய மணி.

ஆரோக்கியம்மாள்தான் முதலில் ஓடி வந்தாள். "யாருடி போனது? யாருக்கு மணி?" என்று கேட்டாள். அவளுக்குப் பின்னால் பாதி ஊர் நின்றது. லூர்துசாமிக்கு என்று சொல்லத்தான் வாயெடுத்தேன். அவர்கள் முகத்தைப் பார்த்தேன். திருடனுக்கா என்று கேட்பார்கள், என்னை வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போய்ப் படுக்க வைப்பார்கள். அதனால் உன் பேரைச் சொன்னேன்.

"எந் தம்பி ஜெகன்."

சொன்னதும் ஒரு சந்தேகமும் இல்லாமல் நம்பினார்கள். அப்படி ஒரு அழுகை. ஆரோக்கியம்மாள் என்னைக் கட்டிக்கொண்டு விழுந்து புரண்டாள். யாரோ ஓடிப் போய்ச் சாமியாரிடம் சொல்ல, அவர் மைக்கிலேயே, "நம்ம மாதாவுக்குக் கிரீடம் குடுத்த ஆரோக்கிய ஜெகன் ஆத்துமாவுக்காக வேண்டிக்குவோம்" என்று சொல்லிவிட்டார். தோட்டம் முழுக்க முழங்காலில் விழுந்தது. "நித்திய இளைப்பாற்றியை அவருக்கு அளித்தருளும் ஆண்டவரே" என்று அத்தனை பேரும் ஒரே குரலில் சொன்னார்கள். நான் மட்டும் சுவருக்கு வெளியே, அவர் கிடக்கிற இடத்தில் போய் நின்றுகொண்டேன். அவர்கள் உன் பேரில் சொன்னதை எல்லாம் நான் அவர் பேரில் வாங்கிக்கொண்டேன். நீ உயிரோடு இருக்கிறாய், உனக்கு அது தேவையில்லை.

சாயங்காலத்திலிருந்து உன் போன் ஓய்ந்திருக்காது. நீ சாகவில்லை என்று எல்லோருக்கும் சொல்லிக்கொள். அக்காவுக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்று நீ சொல்வாய், அதையும் நம்புவார்கள். மாப்பிள்ளை வீட்டாரிடமும் அப்படியே சொல். அனிதா நன்றாக வாழட்டும், அவள் மேல் எனக்கு ஒரு குறையும் இல்லை.

பலகையை நான் எரிக்கவில்லை. அடிமரம் தெரிகிற வரைக்கும் துடைத்துவிட்டேன். கடைசியில் ஒரு வெள்ளைக்காரச் சாமியார் திக்கித் திக்கித் தமிழ் பேசினார், அதற்குக் கீழே ஒன்றும் இல்லை. இப்போது அது வெறும் ஜன்னல் பலகை, நல்ல காற்று வருகிறது. நேற்று வீட்டுக்கு வந்ததும் அதில் வாயை வைத்து, அவரைச் சோறு சாப்பிடக் கூப்பிட்டேன். புதிதாக அதில் இருப்பது அது ஒன்றுதான்.

நீ இங்கே வர வேண்டாம். நான் மணி அடித்து முடித்துவிட்டேன்.

லூர்துசாமி பெண்சாதி
சவரிமேரி